ஆமா போடும் இடம்

"வில் அடிக்கக் கத்துக்கணும்," என்றாள் ஜெசிந்தா. "மூணு மாசம் போதுமா?"

செல்லக்கனி ஸ்கூட்டரை ஸ்டாண்டில் போட்டாள். "என்ன அவசரம்?"

"மூணு மாசத்துல எனக்குக் கச்சேரி இருக்கு."

"வேற என்ன வாத்தியம் தெரியும்?"

"ஒன்பது தெரியும்."

சும்மா சொல்லக்கூடாது, ஒன்பதும் உண்மை. சர்ச்சில் ஆர்கனோடு ஆரம்பித்தவள். கல்லூரியில் கிதார். உல்லாசக் கப்பலில் ஜாஸ் பாடிக்கொண்டு சுற்றிய ஆறு வருஷத்தில் பியானோ, டிரம்பெட், ஆளுயர டபுள் பேஸ், டிரம்ஸ். கரைக்கு வந்ததும் நாட்டுப்புறப் பாட்டு மேல் பைத்தியம் பிடித்து உறுமி, பம்பை, பறை. நடவுப் பாட்டு மெட்டும் ஜாஸும் கலந்து அவளே எழுதி அவளே பாடிய பாட்டுகள் டவுன் பஸ்ஸிலும் ஓடின, பாரிஸிலும் ஓடின.

வயது நாற்பத்தாறு. எதிரில் நிற்கும் குருவுக்கு முப்பத்தொன்று. வில்லுப்பாட்டில் செல்லக்கனி பேரைச் சொன்னால் நெல்லைப் பக்கம் தெரியாதவர் இல்லை. ஆடி மாதம் முழுக்கக் கோயில் கொடைத் திருவிழாக்கள். ஒரு நாள் காலி கிடையாது.

"ஒன்பது தெரிஞ்சவங்களுக்குப் பத்தாவது எதுக்குக்கா?"

ஜெசிந்தா ஒளிக்கவில்லை. இருபத்தைந்து வருஷம் பாடியாயிற்று. அதற்காகச் சென்னையில் ஒரு விழா எடுக்கிறார்கள். இரண்டாயிரம் பேர் உட்காரும் அரங்கம். கூட வாசிக்கத்தான் ஆள் இல்லை.

"ஏன் இல்ல?"

"மூணு குழு வச்சேன். மூணும் கலைஞ்சு போச்சு. ஒருத்தருக்கும் சரியா வாசிக்கத் தெரியலை."

"ஒருத்தருக்குமா?"

"ஒருத்தருக்கும்."

இப்போது அவள் தனியாகத்தான் பாடுகிறாள். ஒரு மெஷின் வைத்திருக்கிறாள். காலால் மிதித்தால் வாசித்ததைப் பிடித்து வைத்துக்கொண்டு திரும்பத் திரும்ப வாசிக்கும். எதிர்த்துப் பேசாது.

"வில்லும் வந்துட்டா மேடை நிறைஞ்சிடும்," என்றாள். "யார் கால்லயும் போய் விழ வேண்டாம்."

 

செல்லக்கனி உள்ளே போய் வந்தாள். வில் வரவில்லை. ஜால்ரா வந்தது.

"நாளைக்கு மதியக் கொடை. எனக்கு இடப்பக்கம் உக்காருங்க. நான் கதை சொல்லுதேன். நீங்க ஜால்ரா தட்டி ஆமா போடுங்க."

ஊரில் இரண்டுமே வசவு. முதுகெலும்பு இல்லாத ஆளைத்தான் ஜால்ரா என்பார்கள், ஆமா போடுகிறவன் என்பார்கள்.

"ஜால்ராவும் தட்டி, ஆமாவும் போடணுமா?"

"ஆமா," என்றாள் செல்லக்கனி.

&nbsp;

பந்தலில் நல்ல கூட்டம். வில்லில் கட்டிய மணிகள் குலுங்கின. பக்கத்தில் சுடலைக்கண்ணு, குடத்தின் வாயில் மட்டையால் அடித்துத் தாளம் போடுகிறவர்.

"ஆத்துக்கு அந்தக் கரையில ஒரு ராசா—"

"ஆமா."

"—ராசாவுக்கு மூணு பொண்டாட்டி, மூணு பேருக்கும்—"

"ஆமா."

"—பிள்ளை இல்ல."

"ஆமா ஆமா."

திரும்பும்போது வேனில் ஜெசிந்தா கேட்டாள். "எப்படி இருந்துச்சு?"

"ஒரு ஆமாகூட சரியில்லக்கா."

"ஆமாவுல என்ன தப்பு வர முடியும்?"

"நான் சொல்லி முடிக்கதுக்குள்ள போடுதீங்க."

"வரி எங்க போய் முடியும்னு எனக்கு முன்னாலயே தெரியுதே."

"எனக்குத் தெரியாதுக்கா," என்றாள் செல்லக்கனி. "சொன்னாத்தான் எனக்கே தெரியும்."

&nbsp;

அடுத்த கொடையில் ஜெசிந்தா பொறுமையாக இருந்தாள். வரி முடிகிறவரை காத்திருந்தாள். அதற்குப் பிறகு வாய் சும்மா இருக்குமா? கப்பலில் பாடிய வாய். ஆமாவைக் கீழே தொட்டு, மேலே ஏற்றி, வளைத்து இறக்கினாள்.

கூட்டம் மொத்தமும் அவள் பக்கம் திரும்பியது. ஒருவர் கைதட்டினார். இன்னொருவர் போனில் பிடித்தார்.

 அன்று வேனிலிருந்து இறங்கும்போது செல்லக்கனி சொன்னாள்.

"ரொம்ப நல்லா இருந்துச்சுக்கா. கதை என்னன்னுதான் யாருக்கும் ஞாபகம் இல்ல."

&nbsp;

ஜெசிந்தாவுக்கு மூக்குக்கு மேல் கோபம். ஆனாலும் போகவில்லை. கச்சேரிக்கு வேறு வழி இருந்தால் போயிருப்பாள்.

ஒன்பதாம் நாள் அது நடந்தது. சுடலைக்கண்ணு தாளத்தைக் கொஞ்சம் இழுத்து அடித்தார். ஒரு முறை பொறுத்தாள். இரண்டு முறை பொறுத்தாள். மூன்றாவது முறை எட்டி அவர் கையிலிருந்த மட்டையை வாங்கி, குடத்தில் நாலு அடி அடித்துக் காட்டினாள்.

"இப்படிண்ணே."

அடி சுத்தம். குறை சொல்ல முடியாது.

 சுடலைக்கண்ணு இருபது வருஷமாக அந்தக் குடத்தை அடிக்கிற மனுஷன். மட்டையைத் திரும்பக்கூடக் கேட்கவில்லை. கையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

கொடை முடிந்ததும் செல்லக்கனியிடம் வந்தார். "நாளையில இருந்து நான் வரலம்மா."

"நாளைக்கு ஒரு நாள் மட்டும் வாங்க, அண்ணாச்சி. அப்புறம் உங்க இஷ்டம்."

&nbsp;

மறுநாள் செல்லக்கனி ராசா கதையை எடுக்கவில்லை.

"ஒரு ஊர்ல ஒரு ராணி."

"ஆமா."

"அந்த ராணிக்குத் தெரியாத தொழில் இல்ல."

"ஆமா."

"சமையக்காரி கரண்டியப் பிடிச்சா. தள்ளு, நான் கிண்டுதேன்னு ராணி வாங்கிக்கிட்டா."

"ஆமா."

கூட்டம் சிரித்தது. ஜெசிந்தாவும் சிரித்தாள்.

"ஓடக்காரன் துடுப்பு போட்டான். அப்படி இல்லப்பான்னு ராணி பிடுங்கிக்கிட்டா."

"ஆமா."

"கொட்டுக்காரன் கொட்டு அடிச்சான். அவன் கையில இருந்த குச்சிய, சபையில வச்சு, ஊரே பாக்கப் பிடுங்கினா."

ஆமா வரவில்லை.

ஜெசிந்தா முகத்தில் ஈயாடவில்லை. ஜால்ரா கையிலேயே நின்றது. செல்லக்கனி அவளைப் பார்க்கவில்லை, அடுத்த வரிக்கும் போகவில்லை. வில்லைத் தட்டிக்கொண்டே இருந்தாள். ஆமா போட்டால்தான் கதை நகரும். அது அந்தப் பாட்டின் முறை. கூட்டமும் காத்திருந்தது.

"ஆமா," என்றாள் ஜெசிந்தா.

"ஒவ்வொருத்தரா ஊர விட்டே போனாங்க."

"ஆமா."

"ராணி சொன்னா, ஒருத்தனுக்கும் தொழில் தெரியலன்னு."

ஜெசிந்தா திரும்பிப் பார்த்தாள். சுடலைக்கண்ணு குடத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவருக்குப் பின்னால், மூன்று குழுவையும் விட்டுப்போன இன்னும் பதினோரு பேர் அவளுக்குத் தெரிந்தார்கள். எல்லாரும் நன்றாக வாசித்தவர்கள்.

"ஆமா."

குரல் உடைந்துவிட்டது. சுருதியும் இல்லை, சுகமும் இல்லை. இருபத்தைந்து வருஷத்தில் மேடையில் அப்படி ஒரு சத்தம் அவளிடமிருந்து வந்ததே கிடையாது.

முன்வரிசையில் ஒருத்தி, "அய்யோ பாவம்," என்றாள். "அப்புறம் அந்த ராணி என்ன செஞ்சா?"

செல்லக்கனி வில் தட்டும் கோலைக் கீழே வைத்தாள்.

"எனக்குத் தெரியாது, ஆத்தா. ராணியத்தான் கேக்கணும்."

&nbsp;

ஜெசிந்தா முதலில் சுடலைக்கண்ணுவிடம் போனாள். என்ன பேசினாள் என்று யாருக்கும் தெரியாது. அவர் மறுநாளும் வந்தார், அதற்கு மறுநாளும் வந்தார்.

பிறகு பெரம்பூருக்குப் போன் போட்டாள். முதல் குழுவில் டிரம்ஸ் வாசித்த மெர்வின். ஏழு வருஷமாகப் பேச்சு கிடையாது.

"என்ன, இப்ப என்ன தப்பு கண்டுபிடிச்சே?" என்றான் மெர்வின்.

"என் தப்பு."

சென்னைக் கச்சேரியைச் சொல்லி, வாசிக்க வர முடியுமா என்று கேட்டாள். 

"ஒரே ஒரு கச்சேரி," என்றான். "அதுக்கு மேல கேக்காதே. மத்தவங்க கிட்ட நான் பேசறேன். வருவாங்களா தெரியாது."

ஆவணி பிறக்கும்வரை ஜெசிந்தா இடப்பக்கம்தான் உட்கார்ந்தாள். கடைசி நாள் கேட்டாள். "வில் எப்பச் சொல்லித் தருவே?"

"உங்களுக்கு வில் வேணுமாக்கா?"

ஜெசிந்தா யோசித்துப் பார்த்தாள். வேண்டாம் என்று தலையாட்டினாள்.

&nbsp;

ஐப்பசியில் கச்சேரி. வெளியே மழை ஊற்றியது. உள்ளே இரண்டாயிரம் நாற்காலியும் நிறைந்து, படிக்கட்டிலும் ஆள்.

மெர்வின் வந்திருந்தான். டபுள் பேஸ் உதயசங்கர் வந்திருந்தான். டிரம்பெட் வாசிக்கிற ரோஷன் கடைசி நிமிஷத்தில் வந்து, அவள் முகத்தைப் பார்க்காமல் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டான். ஜெசிந்தா கையில் கிதார் மட்டும்.

முதல் இரண்டு பாட்டும் ஒழுங்காகப் போயின. ரொம்ப ஒழுங்கு. எல்லாரும் பயந்து பயந்து வாசித்தார்கள்.

மூன்றாவது பாட்டு நடவுப் பாட்டு. பாதியில் மெர்வினுக்கு என்னவோ ஆகிவிட்டது. அவள் எழுதிக் கொடுத்த தாளத்தை விட்டுவிட்டு, இரட்டை வேகத்தில் எங்கேயோ போனான். போன பிறகுதான் அவனுக்கே உறைத்தது. சட்டென்று அவள் முதுகைப் பார்த்தான். ஏழு வருஷத்துக்கு முன்னால் என்றால் அந்த முதுகு இந்த மாதிரி இடத்தில்தான் தப்பு சொல்லத் திரும்பும்.

ஜெசிந்தா கிதாரிலிருந்து கையை எடுத்தாள்.

திரும்பவில்லை. கண்ணை மூடிக்கொண்டு கேட்டாள். பதினைந்து வருஷமாகப் பாடுகிற பாட்டு, அடுத்து எங்கே போகும் என்று அவளுக்குத் தெரியவில்லை. பயமாக இருந்தது. அதைவிடச் சந்தோஷமாக இருந்தது. மெர்வின் சொல்ல வேண்டியதைச் சொல்லி முடிக்கிற வரைக்கும் நின்றாள். முடித்தான் என்று தெரிந்த பிறகு, ஒரு மூச்சு விட்டு, அடுத்த வரியை எடுத்தாள்.

அரங்கம் எழுந்து நின்றுவிட்டது.

அப்புறம் யாரும் பயப்படவில்லை. ரோஷன் டிரம்பெட்டை எடுத்துக்கொண்டு மேடை ஓரத்துக்கே வந்து ஊதினான். உதயசங்கர் பேஸை வைத்துக்கொண்டு சிரிசிரியென்று சிரித்தான். மூன்றாம் வரிசையில் செல்லக்கனியும் சுடலைக்கண்ணுவும் உட்கார்ந்திருந்தார்கள். சுடலைக்கண்ணு முன் நாற்காலியின் முதுகில் தாளம் போட்டார். கொஞ்சம் இழுத்துத்தான் போட்டார். இரண்டரை மணி நேரம் என்று சொன்ன கச்சேரி நாலு மணி நேரம் போயிற்று. ஒருவரும் எழுந்து போகவில்லை. ஜெயித்தாள், ஐயா. இதற்கு வேறு வார்த்தை தேட வேண்டியதில்லை.

திரை விழுந்தது. திரைக்கு அந்தப் பக்கம் கைதட்டல் நிற்கவில்லை.

ஜெசிந்தா கிதாரைப் பெட்டியில் வைத்தாள். இனி மெர்வின் டிரம்ஸைக் கழற்றுவான், மூட்டை கட்டுவான், கிளம்புவான். பேசியது அவ்வளவுதான். அதற்கு மேல் கேட்க அவளுக்கு வாய் இல்லை.

மெர்வின் சட்டையாலேயே முகத்தைத் துடைத்துக்கொண்டான்.

"ஒரே ஒரு கச்சேரின்னுதானே சொன்னேன்?"

"சொன்ன."

"அது இன்னும் முடியலை," என்றான், குச்சியை எடுத்துக்கொண்டு.