பேரிக்காய் வேகும் நேரம்

மன்னவனூர் சாலையில், ஏரிக்கு மேலே ஒரு வீட்டில் தியானம் பழக நான்கு பேர் தங்கியிருந்தார்கள். அவர்களுக்கு ஆசிரியர் ஒரு பெண். பெயர் செண்பகவல்லி. முன்பு பள்ளிக்கூடத்தில் கணக்கு எடுத்தவர். அதனால் எல்லோருக்கும் அவர் டீச்சர். அங்கிருந்த எல்லோரும் அவரைவிட வயதில் மூத்தவர்கள். அவர்களை அவர் அண்ணே, அக்கா என்றே கூப்பிட்டார்.

ஆண்டியப்பன் அங்கே வந்து மூன்று வருடம் ஆகியிருந்தது. வயது ஐம்பத்தாறு. அவருடைய அண்ணன் வேலப்பன் பூம்பாறையில் பூண்டு விவசாயம் செய்தார். பஸ்ஸில் ஏறினால் அரை மணி நேரம். மூன்று வருடத்தில் ஒரு தடவைகூட ஆண்டியப்பன் அந்தப் பஸ்ஸில் ஏறவில்லை.

பதினோரு வருடத்துக்கு முன்னால் அவர்களுடைய அப்பா இறந்தார். ஆண்டியப்பன் கோயம்புத்தூரிலிருந்து வந்து இறங்கினார். அப்பாவின் உடம்பு சுள்ளி மாதிரி கிடந்தது. துட்டிக்கு வந்த சனம் மொத்தமும் பார்த்துக்கொண்டிருக்க, அண்ணனின் சட்டையைப் பிடித்து, "பட்டினி போட்டே கொன்னுட்டியேடா" என்றார்.

வேலப்பன் பதில் சொல்லவில்லை. சட்டையை விடுவித்துக்கொள்ளவும் இல்லை.

அப்பாவுக்கு உணவுக்குழாய் அடைத்துப்போயிருந்தது என்பது பிறகுதான் தெரிந்தது. பதினான்கு மாதம் அண்ணன் பேரிக்காயை வேகவைத்து, மசித்து, ஸ்பூனில் ஊட்டியிருக்கிறார். தெரிந்த பிறகு அந்த வீட்டுக்குப் போவது ஆண்டியப்பனுக்கு இன்னும் கடினமாகிவிட்டது.

ஒரு செவ்வாய்க்கிழமை காலை எட்டு மணிக்கு அண்ணன் மகள் தேன்மொழி போன் செய்தாள்.

"சித்தப்பா, அப்பாவுக்குத் தொண்டையில புத்து. குரல்வளையை எடுக்கணுமாம். நாளைக்குக் காலையில ஆறு மணிக்கு மதுரையில ஆபரேஷன். இன்னிக்கு மூணரைக்கு ஆஸ்பத்திரி வண்டி வருது. பத்து நாள் அங்கதான் இருக்கணுமாம்."

"எடுத்துட்டா?"

"அப்புறம் பேச்சு கிடையாது. உங்களைப் பாக்கணும்னு சொல்றாரு. ஒண்ணு சொல்லணுமாம்."

"போனை அண்ணன்கிட்ட குடும்மா."

"குரல் போன்ல ஏறாது சித்தப்பா. பக்கத்துல வந்து காதைக் குடுத்தாத்தான் கேக்கும்."

ஆண்டியப்பன் போனைப் பிடித்தபடியே டீச்சரிடம் வந்தார். டீச்சர் முற்றத்தில் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தார். ஆண்டியப்பன் நடந்ததைச் சொன்னார். பிறகு கேட்டார்.

"மூணு வருசமா உங்ககிட்ட இருக்கேன். அண்ணன் முன்னாடி போய் நிக்கிற தகுதி எனக்கு வந்துருச்சா டீச்சர்?"

டீச்சர் ஒரு போர்வையை உதறினார்.

"ஒன்பதேகாலுக்கு பஸ் இருக்குண்ணே."

"வெறுங்கையோட எப்படிப் போறது?"

டீச்சர் அவரைப் பார்த்தார்.

"அப்பாவுக்கு அண்ணன் செஞ்சு குடுத்ததை நான் அவருக்குச் செஞ்சு எடுத்துட்டுப் போறேன். தோட்டத்துல பேரிக்காய் இருக்கு. இப்ப அவருக்கும் அதுதான இறங்கும்?"

"கேஸ் அடுப்புல அரை மணி நேரத்துல வெந்துரும். செஞ்சு எடுத்துக்கிட்டு ஒன்பதேகாலுக்கே ஏறலாம்."

"அடுப்புல வெச்சா அடிப்பிடிக்கும். மெதுவா வேகணும் டீச்சர். அப்பத்தான் பழம் வெண்ணெய் மாதிரி வரும்."

எப்போதோ வந்து தங்கிய ஒருவர் ஒரு ஸ்லோ குக்கரை விட்டுப் போயிருந்தார். வெளியே தகரம், உள்ளே பீங்கான் சட்டி, மேலே கண்ணாடி மூடி. பரணிலிருந்து ஆண்டியப்பனே அதை இறக்கித் துடைத்தார்.

டீச்சர் சமையலறை வாசலில் நின்று சொன்னார்.

"தோலைச் சீவி, நடு விதையை எடுத்துட்டு, துண்டு போட்டுருங்க. நாட்டுச்சர்க்கரை, ஏலக்காய், கொஞ்சம் வெண்ணெய். தண்ணி வேண்டாம், பழமே விடும். குறைஞ்ச சூட்டுல ஆறு மணி நேரம்."

"அவ்வளவுதானா?"

"அவ்வளவுதான். கிண்ட வேண்டாம், பாக்க வேண்டாம். மூடியை மட்டும் திறக்காதீங்க. ஒரு தடவை திறந்தா சேத்து வெச்ச சூடெல்லாம் போயிரும். அது திரும்பி ஏற இருபது நிமிசம் ஆகும்."

எட்டரைக்கு சுவிட்சைப் போட்டார். இரண்டரைக்கு ஆகிவிடும். இரண்டே முக்காலுக்கு ஒரு பஸ். மூன்றேகாலுக்குப் பூம்பாறை. வண்டி மூன்றரைக்கு. அண்ணனோடு கால் மணி நேரம் இருக்கும்.

ஒன்பதேகாலுக்குக் கீழே சாலையில் பஸ் ஹாரன் அடித்தது. ஆண்டியப்பன் மூடியைத் திறந்தார். துண்டுகள் வெள்ளையாகவே இருந்தன. மூடினார்.

பத்தரைக்குத் திறந்தார். சர்க்கரை கரைந்திருந்தது.

பதினொன்றரைக்குத் திறந்தபோது கோமதியக்கா பின்னால் நின்றிருந்தார். தூத்துக்குடிக்காரர், அங்கே எல்லோருக்கும் மூத்தவர்.

"என்னய்யா, உள்ள பச்சப்பிள்ளையா தூங்குது? எட்டி எட்டிப் பாக்குறீரு?"

"நிறம் மாறுதான்னு பாத்தேன்கா."

"மாறும், மாறும். உம்ம மூஞ்சியைப் பாத்துப் பாத்து அது வெளிறிக்கிட்டுல்லா கிடக்கு."

பன்னிரண்டரை பஸ் போன பிறகு ஒரு தடவை திறந்தார். ஒன்றரைக்கு ஒரு தடவை. ஒவ்வொரு தடவையும் ஆவி முகத்தில் அடித்தது. அப்பாவின் அறையில் கடைசி நாட்களில் இந்த வாசனைதான் இருந்திருக்க வேண்டும். அந்த அறைக்குள் அவர் அப்போது ஒரு நாள்கூட வந்ததில்லை.

இரண்டரைக்குத் திறந்து ஸ்பூனால் அழுத்தினார். ஓரம் குழைந்தது. நடுப்பகுதி கெட்டியாக இருந்தது.

கீழே ஹாரன் அடித்தது. டீச்சர் வந்து நின்றார்.

"பஸ் வந்துருச்சுண்ணே."

"இன்னும் வேகலை டீச்சர்."

"வெந்ததை வழிச்சு எடுத்துக்கிட்டு ஏறுங்க."

"நடுவுல கெட்டியா இருக்கு. அவரு தொண்டையில சிக்கிக்கிட்டா? அந்தப் பாவம் வேறயா எனக்கு? ஆஸ்பத்திரி வண்டி எப்பவும் நேரம் கழிச்சுத்தான் வரும்."

பஸ் கொஞ்ச நேரம் உறுமிக்கொண்டு நின்றது. பிறகு வளைவில் அதன் சத்தம் தேய்ந்து போயிற்று.

நாலரைக்கு வெந்தது. நல்ல செம்பு நிறத்தில், ஸ்பூன் பட்டதும் குழைகிற பதத்தில். ஆண்டியப்பன் அதை ஒரு தூக்குவாளியில் ஊற்றி, துண்டால் சுற்றி மடியில் வைத்துக்கொண்டு நாலே முக்கால் பஸ்ஸில் போனார்.

அண்ணன் வீடு பூட்டியிருந்தது. வாசலில் ஒரு பிளாஸ்டிக் நாற்காலி சாலையைப் பார்த்துக் கிடந்தது.

பக்கத்து வீட்டில் பூண்டு உரித்துக்கொண்டிருந்த பெண் நிமிர்ந்தாள். கொஞ்ச நேரம் அவரை உற்றுப் பார்த்தாள்.

"ஆண்டியப்பண்ணனா? அடையாளமே தெரியலையே."

"அண்ணன் எங்கம்மா?"

"மூணே முக்காலுக்குப் போயாச்சு. வண்டிக்காரன் கத்துறான், இவரு கால் மணி நேரம் நிக்க வெச்சிருந்தாரு. காலையில இருந்து அந்த நாற்காலியிலதான் உக்காந்திருந்தாரு. உங்க பக்கமிருந்து மூணு பஸ்ஸு வந்துச்சு. மூணு தடவையும் எந்திரிச்சு நின்னு பாத்தாரு."

ஆண்டியப்பன் நாற்காலியைப் பார்த்தார்.

"தூக்குவாளியில என்ன?" என்று அவள் கேட்டாள்.

"பேரிக்காய். வேகவெச்சு எடுத்தாந்தேன்."

"பதினோரு வருசம் கழிச்சுப் பலகாரமா? நல்லா இருக்குண்ணே உங்க பாசம்."

"ஏதோ சொல்லணும்னாராமே. உங்ககிட்ட ஏதாவது சொன்னாரா?"

"உங்ககிட்ட சொல்ல வேண்டியதை என்கிட்ட எதுக்குச் சொல்லுவாரு?" அவள் முறத்தை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள்.

கடைசிப் பஸ்ஸில் திரும்பி வந்தார். விளக்கு வைக்கும் நேரம். டீச்சர் சமையலறையில் பீங்கான் சட்டியை ஊறவைத்திருந்தார். ஆண்டியப்பன் தூக்குவாளியை மேடைமேல் வைத்தார்.

"போயிட்டாரு டீச்சர்."

டீச்சர் வாளியைத் திறந்து ஒரு ஸ்பூன் எடுத்துச் சாப்பிட்டார்.

"நல்லா வந்திருக்குண்ணே."

அதைக் கேட்டதும் ஆண்டியப்பன் சுவரோரமாக உட்கார்ந்துவிட்டார்.

"பன்னெண்டு மணி நேரத்துல அவரு குரல் போயிரும். இப்ப மதுரைக்குக் கிளம்ப பஸ்ஸும் இல்ல. அவருக்கு எழுதவும் தெரியாது. என்ன சொல்ல நினைச்சாருன்னு இனி நான் சாகுற வரைக்கும் தெரியாது. திட்டியிருப்பாரா, மன்னிச்சேன்னு சொல்லியிருப்பாரா? ஏன் டீச்சர் என்னைத் தடுக்கலை?"

"காலையில அடுப்பைக் காட்டினேன். மத்தியானம் பஸ்ஸைக் காட்டினேன். கையைப் பிடிச்சு இழுத்திருக்கணுமோன்னு இவ்வளவு நேரமா நானும் யோசிச்சுக்கிட்டுத்தான் இருக்கேன்."

ஆண்டியப்பன் தலையைக் கவிழ்த்துக்கொண்டார்.

"என் அவசர புத்தி. சீக்கிரம் ஆகணுமேன்னு திறந்து திறந்து பாத்தே கெடுத்துட்டேன்."

டீச்சர் ஸ்பூனைக் கீழே வைத்தார்.

"எத்தனை தடவை திறந்தீங்க?"

"ஆறு."

"ஒரு தடவைக்கு எத்தனை நிமிசம்னு சொன்னேன்?"

"இருபது."

"அப்ப ஆறுக்கு?"

"நூத்திருபது."

"மூணாவது தடவை மூடியில கையை வெச்சப்ப, இந்தக் கணக்கு உங்களுக்குத் தெரியுமா, தெரியாதா?"

குழாயிலிருந்து சட்டிக்குள் தண்ணீர் சொட்டியது. ஆண்டியப்பன் வாயைத் திறந்தார், மூடினார். முழங்காலில் கிடந்த ஈரத் துண்டை மடித்தார். மறுபடி பிரித்தார்.

"தெரியும்" என்றார்.

"அப்ப அது அவசரமில்லண்ணே."

ஆண்டியப்பன் அழுதார். டீச்சர் அவரைப் பார்க்காமல் சட்டியைத் தேய்த்துக் கழுவினார். துடைத்தார். அதைத் தகரக் கூட்டுக்குள் வைத்து, மூடியைக் கவிழ்த்து, ஒயரைச் சுற்றினார். ஸ்டூலில் ஏறி எல்லாவற்றையும் பரணில் தள்ளிவிட்டு இறங்கினார்.

வெகுநேரம் கழித்து ஆண்டியப்பன் கேட்டார்.

"இனிமே அவருகிட்ட போய் என்ன பிரயோசனம்? பதில் சொல்லக் குரல் இருக்காதே."

"பதில் கேக்கப் போறீங்களா, மன்னிப்புக் கேக்கப் போறீங்களா?"

ஆண்டியப்பன் கண்ணைத் துடைத்துக்கொண்டார். மேடைமேல் இருந்த தூக்குவாளியைப் பார்த்தார்.

"பத்து நாள் ஆஸ்பத்திரியில இருப்பாராம். இதை இனி அவருக்குக் குடுக்க முடியாது. வேற என்ன செஞ்சு எடுத்துக்கிட்டுப் போகட்டும் டீச்சர்?"

"காலையில முதல் பஸ் எத்தனை மணிக்கு?"

"ஆறரைக்கு."

"வெறுங்கையோட ஏறுங்கண்ணே."