சுக்குவின் சோமவாரம்

கரட்டடிவாரத்து மடத்தில் அப்போது மூன்று பேரும் ஒரு நாயும் இருந்தார்கள். மடத்தை நடத்திய காந்திமதி அம்மைக்கு வயது நாற்பத்தொன்று. அவரிடம் சீடராக வந்து சேர்ந்த நாச்சிமுத்துவுக்கு அறுபது. சமையலுக்கு ஆறுச்சாமி. நாயின் பெயர் சுக்கு. பத்து வயது ஆண் நாய், கடுவன்.

நாச்சிமுத்து அரசாங்கக் கால்நடை மருத்துவராக இருந்தவர். இருபத்தாறு வருஷம் முழங்கை வரை கையை விட்டு மாடுகளுக்குச் சினை பார்த்தவர். ஓய்வு பெற்ற மறுமாதமே மடத்துக்கு வந்துவிட்டார். வந்த அன்றைக்குக் கிணற்றடியில் சீயக்காய் போட்டு அவர் கை கழுவிய கழுவலில் நாலு வாளித் தண்ணீர் தீர்ந்தது.

"இனி இந்தக் கை பூப்பறிக்க மட்டும்தான்" என்று அவராகவே ஒரு விரதமும் எடுத்துக்கொண்டார். அப்படி எடுக்கச் சொல்லி யாரும் கேட்கவில்லை. ஆட்டுக்குக் கழிச்சல் என்று ஊரார் வந்து நின்றால் கும்பிடு போட்டு அனுப்பிவிடுவார். அவருடைய துறவு கை சுத்தத்தில் ஆரம்பித்து அங்கேயே நின்றுகொண்டிருந்தது.

கார்த்திகை பிறந்ததும் அம்மை பக்கத்து ஜில்லாவில் ஒரு குருபூஜைக்குப் போனார். திரும்பப் பத்து நாள் ஆகும்.

அந்த முதல் திங்கட்கிழமை சுக்கு தயிர்ச்சோற்றை முகர்ந்து பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டது.

ஆறுச்சாமி மூக்கில் விரலை வைத்தார். "இன்னைக்குக் கார்த்திகை சோமவாரமுங்க. வாயில்லா ஜீவன் விரதம் இருக்குது பாருங்க!"

மறுநாளும் சோறு தொடவில்லை. கொஞ்சம் பால் நக்கியது. சந்நிதியைச் சுற்றி நடந்தது, ஆனால் ஓட்டமும் துள்ளலும் இல்லை. அடி மேல் அடி வைத்து நடந்தது. நாலு அடிக்கு ஒரு தரம் முதுகை வளைத்துத் தலையைத் தாழ்த்தி வெகுநேரம் நின்றது.

"அடிப்பிரதட்சணம் பண்ணுதுங்க" என்றாள் பூக்கொண்டு வந்த ஒருத்தி.

அவ்வளவுதான். சேதி ஒன்றுக்கு இரண்டாகப் பரவியது. புதன்கிழமை நாற்பது பேர் வந்தார்கள். வெள்ளிக்கிழமை வேன் வைத்து வந்தார்கள். சுக்குவுக்குச் சாமந்தி மாலை போட்டார்கள். அது மாலையைக் கழற்றக்கூடத் தெம்பில்லாமல் நின்றது. அதையும் அடக்கம் என்று சொல்லிக்கொண்டார்கள்.

அது உட்கார்ந்து எழுந்த இடத்தில் கருங்கல்லில் இரண்டு சொட்டு சிவப்பாகக் கிடந்தது. குங்குமம் என்று நினைத்து ஒரு பெண் விரலால் தொட்டு நெற்றியில் வைத்துக்கொண்டாள்.

நாச்சிமுத்து தூணோரம் நின்று அதைப் பார்த்தார். வாயைத் திறக்கவில்லை.

அவருக்கு முதல் நாளே தெரியும். வேப்பமரத்தடியில் சுக்கு முக்கி முக்கி நின்றதைப் பார்த்திருந்தார். வெளிக்கு வந்தது கொஞ்சம்தான், அதுவும் நாடாவாகத் தட்டையாக. சிறுநீர் சொட்டுச் சொட்டாகப் போயிற்று. சிறுநீர் போகாத நேரத்திலும் குறி நுனியில் ரத்தம் கசிந்தது. விதையெடுக்காத வயதான கடுவன். நோயின் பெயர் தொண்டை வரை வந்தது. அவர் பஞ்சாட்சரத்தை வேகவேகமாகச் சொல்லி அதை உள்ளே தள்ளினார்.

பெயரைச் சொன்னால் அடுத்தது என்ன என்பதும் அவருக்குத் தெரியும். வாலைத் தூக்க வேண்டும். விரலை விட்டுப் பார்க்க வேண்டும்.

'யார் கண்டது, ஊர் சொல்வது நிஜமாகவும் இருக்கலாம்' என்று நினைத்துக்கொண்டார். எட்டு நாளில் அதை முக்கால்வாசி நம்பியும் விட்டார். மனுஷனுக்குத் தன்னைத்தானே ஏமாற்றிக்கொள்ள எட்டு நாள் தாராளம்.

இரண்டாவது திங்கட்கிழமை காலையில் அம்மை திரும்பி வந்தார். கூட்டத்தைப் பார்த்தார். மாலையோடு நின்ற நாயைப் பார்த்தார். எல்லாரும் கும்பிடவே தானும் ஒரு கும்பிடு போட்டுவிட்டு உள்ளே போனார்.

நாச்சிமுத்து பின்னாலேயே போனார். பல நாளாக உள்ளே குடைந்துகொண்டிருந்ததைக் கேட்டார்.

"அம்மா, நான் எல்லாத்தையும் விட்டுட்டு வந்தவன். ஒரு நாய்க்கு வாய்ச்ச வைராக்கியம் எனக்கு ஏன் வாய்க்கலீங்க?"

அம்மை பையைக் கீழே வைத்தார். "அப்படி என்ன செய்யுது அது?"

"சோறு தொடறதில்லீங்க. அடி மேல அடி வெச்சுச் சந்நிதியைச் சுத்துது."

"நாலு காலுமா?"

"பின்னங்கால் ரெண்டும்தாங்க."

"முன்னங்காலுக்குப் பக்தி இல்லீங்களா, டாக்டருங்க?"

அவர் கைகளை மேல்துண்டில் துடைத்துக்கொண்டார்.

"எனக்கு நாயைப் பத்தி ஒண்ணும் தெரியாதுங்க" என்றார் அம்மை. "வந்ததும் நானும் ஒரு கும்பிடு போட்டேன். ஆறுச்சாமிக்கும் தெரியாது. ஊருக்கும் தெரியாது."

அதோடு நிறுத்திக்கொண்டார். அடுத்த பெயரைச் சொல்லவே இல்லை. நாச்சிமுத்துவுக்குக் காது மடல் சுட்டது.

அம்மை வெளியே போய் மாலையைக் கழற்றினார். சுக்குவைக் கைத்தாங்கலாகக் கிணற்றடிக்குக் கூட்டி வந்தார். விளக்குக்கு வைத்திருந்த நல்லெண்ணெய்க் கிண்ணத்தை எடுத்து வந்து நாச்சிமுத்து முன்னால் வைத்தார். பிறகு தரையில் மண்டியிட்டு, ஒரு கையால் நாயின் கழுத்தை அணைத்து, மறுகையால் வாலைத் தூக்கிப் பிடித்தார்.

"பாருங்க" என்றார்.

"அம்மா, நான் ரெண்டு வருஷமா..."

"கை வலிக்குதுங்க. சீக்கிரம்."

நாச்சிமுத்து எண்ணெயில் விரலைத் தோய்த்தார். விட்டதும் உள்ளே நெருப்பாகச் சுட்டது. பழக்கப்பட்ட விரல், தேட வேண்டியிருக்கவில்லை. பாக்கு அளவு இருக்க வேண்டிய புராஸ்டேட் சுரப்பி எலுமிச்சை அளவுக்கு வீங்கியிருந்தது. ஒரு பக்கம் கல்லாக இறுகியிருந்தது, மறுபக்கம் அழுத்தினால் அமுங்கியது. சுக்கு ஒரு சத்தம் போட்டது. கடித்திருக்கலாம். கடிக்கவில்லை.

"சீழ் கட்டிருக்குதுங்கம்மா." விரலை வெளியே எடுத்தார். "உடனே கொண்டு போகணும்."

"பிழைக்குமுங்களா?"

"முதல் நாளே பாத்திருந்தா... ஒரு மாசம் மாத்திரை, அப்புறம் விதையெடுத்து விட்டிருந்தா, ஓடியாடித் திரியும்."

"நான் இன்னைக்கு நெலமையைக் கேட்டேனுங்க."

"தெரியலீங்கம்மா."

கும்பிட வந்த வேன் ஒன்றிலேயே நாயை ஏற்றினார்கள். நாச்சிமுத்து மட்டும் ஏறி அதை மடியில் வைத்துக்கொண்டார். மருத்துவமனை பதினெட்டு மைல். பாதி வழியில் ரயில்வே கேட் மூடியிருந்தது. அங்கே நிற்கும்போது சுக்குவின் வயிறு திடீரென்று இறுகியது. ஈறைப் புரட்டிப் பார்த்தார். வெளுத்துக்கொண்டே வந்தது. சீழ் உள்ளுக்குள்ளேயே உடைந்துவிட்டது என்று அவருக்குப் புரிந்தது. டிரைவரிடம் அவசரப்படுத்தக்கூட இல்லை. நாயின் தலையைத் தடவிக்கொண்டே இருந்தார். சரக்கு வண்டி நீளமாகப் போய்க்கொண்டிருந்தது. கேட் திறப்பதற்கு முன் சுக்கு அடங்கிவிட்டது.

"திருப்புப்பா" என்றார். அதற்குப் பிறகு மடம் வரும்வரை அழுதார். அவர் பார்த்த எத்தனையோ மாடு செத்திருக்கிறது, ஒன்றுக்கும் அப்படி அழுததில்லை.

அவர்கள் வருவதற்குள் மடத்து வாசலில் இருநூறு பேர் கூடியிருந்தார்கள். நாய் செத்ததைக் கேட்டதும் அழுகையும் அரகரா கோஷமும் ஒன்றாக எழுந்தன. சோமவாரத்தில் போனது சும்மாவா என்றார்கள். ஊர்ப் பெரியவர் ஒருவர் சமாதிக்குக் கல் தன் செலவு என்றார். சந்நிதிக்கு நேர் எதிரே குழி தோண்டக் கடப்பாரையும் வந்துவிட்டது.

கல்லில் கிடந்த சிவப்பை நெற்றியில் வைத்துக்கொண்ட அந்தப் பெண்ணும் கூட்டத்தில் இருந்தாள். நாச்சிமுத்துவின் வேட்டியில் கறையைப் பார்த்துவிட்டு அருகில் வந்து கை கூப்பினாள்.

"சாமி, உங்க மடியிலதான் போச்சாமே. குடுத்து வெச்சவருங்க நீங்க. எப்படிங்க போச்சு? சிரிச்ச முகமாத்தானே?"

எல்லாரும் அவர் முகத்தையே பார்த்தார்கள். ஆமாம் என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். எல்லாரும் நிம்மதியாக வீட்டுக்குப் போவார்கள். அவரும் மடத்தில் பெரிய மனிதர் ஆகிவிடுவார்.

விறுவிறுவென்று கிணற்றடிக்குப் போனார். அம்மை எண்ணெய்க் கிண்ணத்தைச் சாம்பல் போட்டுத் தேய்த்துக்கொண்டிருந்தார். அழுது முடித்த கண்கள்.

"அம்மா, எனக்கு ஏதாவது பிராயச்சித்தம் சொல்லுங்க. நூத்தியெட்டு நாள் மௌனம் இருக்கட்டுங்களா?"

"எட்டு நாள் இருந்தது பத்தாதுங்களா?"

வாசலில் கடப்பாரை கல்லில் படும் சத்தம் கேட்டது.

"எப்படிப் போச்சுன்னு கேக்கறாங்கம்மா. இத்தனை சனம் நம்பிக்கிட்டு நிக்குது. நான் என்னன்னு சொல்லட்டும்?"

அம்மை கிண்ணத்தைக் கழுவிக் கவிழ்த்தார்.

"அதுக்கு எங்க வலிச்சுதுன்னு சொல்லுங்க."