மொட்டுவை ஒளித்த மந்தி

ஒரு காட்டில், ஓடைக்கரை மரங்களில், பிள்ளையில்லாத மந்தி ஒன்று தன் கூட்டத்தோடு வாழ்ந்து வந்தது.

ஒருநாள் அது புதருக்குள் ஒரு குரங்குக் குட்டியைக் கண்டது. குட்டியின் பின்னங்கால்கள் துவண்டு கிடந்தன. கழுத்து நிற்கவில்லை. வாயிலிருந்து எச்சில் ஒழுகிக்கொண்டே இருந்தது. பெற்றவள் விட்டுவிட்டுப் போயிருந்தாள்.

"இனி நீ என் மகள்" என்று மந்தி அதை வாரி எடுத்தது. மொட்டு என்று பெயர் வைத்தது.

மற்றக் குட்டிகள் கிளைக்குக் கிளை தாவின. மொட்டுவோ வளர்ந்த பிறகும் அம்மாவின் இடுப்பில்தான் இருந்தது. அதற்குப் பேச்சும் வரவில்லை. ஆனால் அம்மா சொன்னால் புரியும். மந்தி பழத்தை மென்று ஊட்டும், வாயைத் துடைத்துவிடும். ஒருநாளும் முகம் சுளித்ததில்லை.

அத்தி பழுத்தது. மலைக்கு அப்பாலிருந்து வேறொரு குரங்குக் கூட்டம் விருந்துக்கு வந்தது. மந்தியும் மொட்டுவைத் தூக்கிக்கொண்டு கிளம்பியது.

வாய் ஓயாத மைனா வழிமறித்தது. "அடி மந்தி! இந்த எச்சில் ஒழுகும் குட்டியோடா பந்தியில் உட்காரப் போகிறாய்? வந்தவர்கள் உன்னைப் பற்றி என்ன நினைப்பார்கள்?"

மந்தியின் முகம் சுருங்கியது. அது மொட்டுவை ஒரு மரப்பொந்தில் வைத்துத் தழைகளால் மூடியது.

"அம்மா வரும்வரை சத்தமே போடக் கூடாது" என்றது.

பந்தியில் விருந்துக் கூட்டத்தின் தலைவி அன்போடு கேட்டது: "உனக்கு எத்தனை குழந்தைகள், அம்மா?"

"எனக்குக் குழந்தை இல்லை" என்றது மந்தி.

சொன்ன பிறகு, கையில் எடுத்த பழத்தை அது கீழே வைத்துவிட்டது. மந்தி எழுந்து பொந்தை நோக்கி ஓடியது.

தழைகளை விலக்கியதும் அலறிவிட்டது. மொட்டுவின் உடம்பெல்லாம் சிவப்பு எறும்புகள்! இமைகள் வீங்கியிருந்தன. ஆனாலும் அந்தக் குட்டி இரண்டு கைகளாலும் தன் வாயை இறுகப் பொத்திக்கொண்டிருந்தது.

"அழு, கண்ணே! சத்தமாக அழு!" என்று மந்தி கதறியது. அதன் பிறகுதான் மொட்டு வீறிட்டது.

சத்தம் கேட்டு எல்லோரும் ஓடி வந்தார்கள்.

"ஐயோ, யார் பெற்ற பிள்ளை?" என்றது தலைவி.

மந்தி தரையைப் பார்த்தது. "பெற்றவள் வேறு. வளர்ப்பவள் நான். இவள் என் மகள். உங்கள் முன்னால் காட்ட வெட்கப்பட்டு, இல்லை என்று சொல்லிவிட்டேன்."

தலைவி திட்டவில்லை. பக்கத்தில் உட்கார்ந்து, மொட்டுவின் மயிரில் ஒட்டிய எறும்புகளை ஒவ்வொன்றாக எடுத்துப் போட்டது. திட்டியிருந்தால்கூட மந்திக்குத் தேவலையாக இருந்திருக்கும்.

"என்னிடம் வருகிறாயா, கண்ணு?" என்று தலைவி கை நீட்டியது.

மொட்டு போகவில்லை. தன்னைப் பொந்தில் ஒளித்து வைத்தவளின் கழுத்தையே இறுகக் கட்டிக்கொண்டது. மந்தி அன்று முழுவதும் தலை நிமிரவில்லை.

நீதி: வீட்டுக்குள் கொஞ்சி வளர்த்தால் மட்டும் போதாது, நாலு பேர் முன்னாலும் "என் பிள்ளை" என்று சொல்ல வேண்டும்.