மிதந்த முட்டைகள்

கிட்ட வந்து உட்காருங்கள் பிள்ளைகளா. இன்னும் கொஞ்சம் கிட்ட. இது மெல்லச் சொல்ல வேண்டிய கதை.

ஒரு காட்டில், மழைத்தண்ணீர் தேங்கிய பாறைக் குழியின் ஓரத்தில், புதருக்குள் ஒரு காட்டுக்கோழி ஐந்து முட்டைகளை அடைகாத்துக்கொண்டிருந்தது. குஞ்சு பொரிக்கும் நாள் நெருங்கிவிட்டது. அதனால் பசித்தாலும் அது எழுந்திருக்கவில்லை.

உச்சி வெயிலில் சருகு சரசரத்தது. எதிரே உடும்பு. பிளந்த நாக்கு வெளியே வந்து வந்து போனது.

"நகரு கோழி. பசி காதை அடைக்கிறது."

பறந்தால் கோழி தப்பலாம், முட்டை தப்பாது. மல்லுக்கு நின்றால் இரண்டுமே தப்பாது. போன கோடையில் இதே உடும்பு கெட்டுப்போன மயில்முட்டையைத் தின்றுவிட்டு வயிற்றைப் பிடித்துக்கொண்டு புரண்டது கோழியின் நினைவுக்கு வந்தது.

கோழி மெதுவாக நகர்ந்தது. "தாராளமாகச் சாப்பிடுங்கள் மாமா. ஐந்தும் புது முட்டை. இன்று காலையில்தான் இட்டேன்."

உடும்பு நின்றுவிட்டது. "ஒரே காலையில் ஐந்தா? யாரிடம் கதை விடுகிறாய்? தண்ணீரில் போடு. நல்ல முட்டை முங்கும், கூமுட்டை மிதக்கும். உன் வண்டவாளம் தெரிந்துவிடும்."

"எதற்கு மாமா வீணாக நனைத்துக்கொண்டு..."

"போடு என்றேன்."

உடும்புக்குத் தெரிந்தது அவ்வளவுதான். கூமுட்டை மிதக்கும், சரி. குஞ்சு முற்றிய முட்டையும் மிதக்கும். முன்பு ஒரு மழையில் கூட்டுக்குள் வெள்ளம் புகுந்தபோது கோழி அதைக் கண்ணால் கண்டிருக்கிறது. ஆனால் இந்த ஐந்தும் அந்தப் பதத்துக்கு வந்துவிட்டனவா? அதுதான் அதற்குத் தெரியாது.

முதல் முட்டையை அலகால் உருட்டிவிட்டது. முங்கியது. பிறகு மேலே வந்தது. இரண்டாவதும் வந்தது. மூன்றும் நான்கும் மிதந்தன.

ஐந்தாவது உள்ளே போனது. வரவில்லை. உடும்பு ஓரடி முன்னே வைத்தது. கோழி தண்ணீரையே பார்த்தபடி நின்றது. கடைசியில், மனசே இல்லாததுபோல, அதுவும் மேலே வந்தது.

"அது ஏன் தனியாக ஆடுகிறது?" என்றது உடும்பு.

உள்ளே குஞ்சு உதைக்கிறது என்று கோழிக்குத் தெரிந்துவிட்டது. "தொண்டை வறளுகிறது மாமா" என்று சட்டென்று குனிந்து தண்ணீர் குடித்தது. குடிக்கிற சாக்கில் இறக்கையால் தண்ணீரை அடித்தது. ஐந்து முட்டையும் ஆடின. "எல்லாம்தானே ஆடுகிறது?"

உடும்பு காறித் துப்பியது. "அத்தனையும் கூமுட்டை. என்னைக் கொல்லப் பார்த்தாயா? நீயே கட்டிக்கொண்டு அழு."

அது திரும்பி நடந்தது. கோழி ஒவ்வொன்றாகக் கரைக்கு ஒதுக்கி, கூட்டுக்கு உருட்டி, ஈரம் போக நெஞ்சோடு அணைத்து உட்கார்ந்தது.

அப்போது பார்த்து வயிற்றுக்கடியில் "கீச்" என்றது ஒரு குரல்.

புதருக்கு அப்பால் போய்க்கொண்டிருந்த வால் அப்படியே நின்றது.

கோழி வாயைத் திறந்து, "ஐயோ, என் முட்டையெல்லாம் கூமுட்டையாகப் போச்சே" என்று காடே அதிரும்படி ஒப்பாரி வைத்தது. குஞ்சின் குரல் அதில் அமுங்கிப்போக, நின்ற வால் மறுபடி நகர்ந்து மறைந்தது.

நீதி: பாதி தெரிந்துகொண்டு எல்லாம் தெரிந்ததாக நினைப்பவர், வாய்க்கு எட்டியதையும் விட்டுவிட்டுப் போவார்.