அமைதி காத்த கொத்தவால்

மங்கலராயர் ஆண்ட வெண்கோட்டு நகரில், காவல் சாவடி வாசலில் ஒரு கல்வெட்டு உண்டு. "சொத்துத் தகராறில் காவலர் அமைதி காக்க." இவ்வளவுதான் வாசகம். வெட்டச் சொன்ன பழைய மன்னர் எப்போதோ போய்ச் சேர்ந்துவிட்டார். பொருள் சொல்லும் பொறுப்பு காவல் தலைவர்களான கொத்தவால்களிடம் வந்து சேர்ந்தது. ஏழைக்கு வந்த கேடுகளில் பாதி இப்படி வந்ததுதான்.

அந்த ஊர் அங்காயிக்கு ஆற்றோரம் ஒரு வெற்றிலைக் கொடிக்கால். முப்பது வருஷமாக அவள் கையால் தண்ணீர் குடித்த கொடிகள். ஒருநாள் மந்திரியின் மைத்துனர் தில்லைவிடங்கர் ஓர் ஓலையை ஆட்டிக்கொண்டு வந்தார். "இது என் பாட்டன் நிலம்" என்றார்.

அவர் நீதிசபைக்குப் போகவில்லை. அங்கே ஓலையைப் படித்துப் பார்ப்பார்கள். சாவடிக்குப் போனார். அங்கே கொண்டுவந்தவர் முகத்தைப் படித்தால் போதும்.

கொத்தவால் ரணசிங்கன் பத்துத் தடியர்களோடு வந்து அங்காயியை வெளியே தள்ளினான். படலைச் சாத்திப் பூட்டினான். சாவியை இடுப்பில் செருகினான்.

"கொடிக்குத் தண்ணீர் ஊற்றணும் சாமி. மூணு நாள் காஞ்சா வேரோட போயிடும்."

"தகராறு இருக்கிறது. நாங்கள் அமைதி காக்கிறோம்."

"நீங்க வர்ற வரைக்கும் அமைதியாத்தானே இருந்துச்சு?"

கொத்தவாலுக்கு அது கேட்கவில்லை. சில பதவிகளில் காது முதலில் கெடும்.

விடங்கரின் ஆட்களுக்கு மட்டும் பூட்டுத் திறந்தது. உள்ளே போய் வெற்றிலை கிள்ளினார்கள். தண்ணீர் ஊற்ற ஒருவரும் இல்லை. மூன்றாம் நாள், வாடிய கொடி ஒன்றைச் சுருட்டி மடியில் வைத்துக்கொண்டு அங்காயி அரசவைக்குப் போனாள். உள்ளே நுழைந்து சுற்றிப் பார்த்தாள். தெரிந்த முகம் ஒன்றே ஒன்று இருந்தது. விகடகவி கூத்தநம்பி. அவள் வெற்றிலையைத் தவிர வேறு போடாதவர். மூன்று நாளாக வாய் வறண்டு, சொல் வராமல் உட்கார்ந்திருந்தார்.

அவள் சொல்லி முடித்ததும் மன்னர், சபையில் நின்ற கொத்தவாலைப் பார்த்தார்.

"கல்வெட்டுப்படிதான் செய்தேன், மன்னா" என்றான் ரணசிங்கன். "அமைதி காத்தேன்."

நம்பி எழுந்தார். "சரியாகத்தான் செய்திருக்கிறார். எனக்கும் ஒரு தகராறு உண்டு, மன்னா. கொத்தவால் தலையில் இருக்கும் தலைப்பாகை என் பாட்டனுடையது. காவலர்களே, அமைதி காருங்கள்."

தகராறு என்ற சொல்லும் பெரிய இடத்துக் குரலும் சேர்ந்தால் அவர்கள் கை தானாக நீளும். பழக்கம் அப்படி. இருவர் ஓடிவந்து தலைப்பாகையைக் கழற்றி நம்பியிடம் கொடுத்தார்கள். ஒரு நிமிஷத்துக்கு முன்பு வரை அவன் அவர்களுடைய தலைவன். அவன் தலை வழுக்கை என்பது அன்றுதான் ஊருக்குத் தெரிந்தது.

"அடேய், யாரைக் கேட்டு எடுத்தீர்கள்?" என்று ரணசிங்கன் பாய்ந்தான். "விசாரித்தீர்களா? நீதிசபைத் தீர்ப்பு எங்கே?"

"தீர்ப்பு வரட்டும்" என்றார் நம்பி. "அதுவரை இது யாரிடம் இருக்கவேண்டும்?"

"யாரிடம் இருந்ததோ அவனிடம்தான். பிடுங்கிக் கொடுக்கக் காவலனுக்கு ஏது அதிகாரம்?"

நம்பி தலைப்பாகையைத் திருப்பி நீட்டினார்.

"இதோ, வாங்கிக்கொள்ளும். கொடிக்கால் சாவியைக் கொடும்."

தான் சொன்னது என்னவென்று அப்போதுதான் ரணசிங்கனுக்கு உறைத்தது. "மன்னா, அந்தக் கல்வெட்டில்..." என்று தொடங்கினான்.

"அமைதி காக்க என்றுதானே இருக்கிறது?" என்றார் நம்பி. "காரும்."

மங்கலராயர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். விடங்கரை ஓலையோடு நீதிசபைக்குப் போகச் சொன்னார். விடங்கர் இன்றுவரை போகவில்லை.

"நம்பி, உமக்கு என்ன பரிசு வேண்டும்?"

நம்பி அங்காயியைத் திரும்பிப் பார்த்தார். அவள் மடியிலிருந்த கொடியைத் தடவிக்கொண்டே சொன்னாள்: "பாதி கொடி போயிடுச்சு மகராசா. மீதிக்காவது தண்ணி வேணும்."

"அதுதான் பரிசு" என்றார் நம்பி.

மன்னர் ஆணைப்படி மூன்று நாள் ரணசிங்கனே ஆற்றிலிருந்து குடம் குடமாகச் சுமந்து கொடிக்காலுக்கு ஊற்றினான். அங்காயி வரப்பில் நின்று வேரைக் காட்டினாள். அவன் வாயே திறக்கவில்லை. கல்வெட்டு வெட்டிய நாளிலிருந்து அந்த நகரில் ஒரு கொத்தவால் அமைதி காத்தது அதுவே முதல் முறை.