இரண்டாவது சரணத்து இருமல்

பழைய படங்களின் ஒலியைச் சீர்செய்து கொடுப்பதில் பூங்கோதையை மிஞ்ச கோடம்பாக்கத்தில் ஆள் கிடையாது. அவரிடம் தொழில் கற்க வந்த எபநேசரோ இருபது வயது மூத்தவர். நாசரேத்தில் வைத்திருந்த ரேடியோ கடையை மூடிவிட்டு வந்தவர். அவர் பூங்கோதையை டீச்சர் என்பார். பூங்கோதை அவரை அண்ணாச்சி என்பார்.

வந்த நாளிலிருந்து எபநேசருக்கு ஒரே கேள்விதான்.

"டீச்சர், எது சத்தம், எது இரைச்சல்? எப்படிப் பிரிக்கது?"

பூங்கோதை ஒரு பாட்டுச் சுருளை எடுத்து நீட்டினார்.

"சுத்தம் பண்ணிக் கொண்டாங்க."

பிலிம் மட்கி வினிகர் நாற்றமடித்த சுருள். கம்ப்யூட்டரில் ஏற்றுவதற்கு ஒருமுறை ஓடியது. அதோடு அப்பளமாக நொறுங்கிப்போயிற்று. எபநேசர் சோறு தண்ணி மறந்து உட்கார்ந்தார். கீறலை எடுத்தார், கரகரப்பை எடுத்தார். பாட்டுக்கு நடுவே எவனோ இருமியிருந்தான், அதையும் எடுத்தார். பாட்டு பளிங்கு மாதிரி ஆயிற்று.

"சுத்தம் பண்ணாத பதிவு எங்கே?" என்றார் பூங்கோதை.

"அழிச்சிட்டேன் டீச்சர். குளிச்சு முடிச்ச பிறகு அழுக்குத் துணியை யாராவது மடிச்சு வைப்பாவளா?"

எபநேசர் சிரித்தார். பூங்கோதை சிரிக்கவில்லை. வைத்திருக்க வேண்டுமென்று அவரும் சொல்லியிருக்கவில்லை.

மறுவாரம் ஒரு பெரியவர் வந்தார். தணிகாசலம் என்று பெயர், எண்பது இருக்கும். அந்தச் சுருள் இங்கே வந்திருப்பதாக யாரோ சொல்ல, பஸ் ஏறி வந்துவிட்டார்.

"ரெண்டாவது சரணத்துல ஒரு இருமல் வரும்மா. அது எங்கப்பா. மைக்கு கட்டின கழியைத் தூக்கிப் பிடிக்கிற வேலை அவருக்கு. பாட்டும் படமும் ஒண்ணாவே எடுத்த காலம். நெஞ்சுல சளி, அடக்க முடியாம இருமிட்டார். பிலிமுக்குப் பஞ்சம், அதனால திருப்பி எடுக்கல. ஆனா அப்பவே அவரை வெளியே போன்னுட்டாங்க. வேற எங்கேயும் சேர்க்கல. அந்த மழைக்காலம் தாண்டல."

கொஞ்சம் மூச்சு வாங்கினார்.

"நான் அப்ப வயித்துல. எல்லாம் அம்மா சொன்னதுதான். போட்டோகூடக் கிடையாது. ஒரு தடவை அந்த இருமலைப் போட்டுக் காட்டும்மா."

பூங்கோதை அவருக்கு டீ வரவழைத்துக் கொடுத்துவிட்டு, உள்ளே வந்து கதவைச் சாத்தினார். எபநேசர் உள்ளிருந்தே எல்லாவற்றையும் கேட்டிருந்தார்.

"டீச்சர், நானே இருமிச் சேத்துருதேன். அவருக்கு என்ன தெரியவா போகுது? சந்தோசமாப் போவாரு."

பூங்கோதை மைக்கை அவர் பக்கம் திருப்பி வைத்தார்.

"இருமுங்க அண்ணாச்சி."

எபநேசர் தொண்டையைச் செருமினார். வாயைத் திறந்தார். அறையின் கண்ணாடிச் சன்னலுக்கு அந்தப் பக்கம் பெரியவர் காது மெஷினைக் கழற்றி, வேட்டி நுனியால் துடைத்து, மறுபடி மாட்டிக்கொண்டிருந்தார்.

இருமல் வரவில்லை.

"அவர்ட்ட என்னன்னு சொல்ல, டீச்சர்?"

"உள்ளதைச் சொல்லுங்க. அன்னைக்குக் கம்பெனிக்காரன் அவங்கப்பாவை வேலையை விட்டுத்தான் துரத்தினான். பாட்டை விட்டுத் துரத்தினது நாமன்னு சொல்லுங்க."