வெறுந்திருகை

விளக்கு வைத்து ரொம்ப நேரம் ஆகவில்லை. வாய்க்காலுக்கு அந்தப் பக்கம் கல்லும் கல்லும் உரசும் சத்தம் கேட்டது. கொஞ்ச நேரம் சுற்றும், நிற்கும், மறுபடி சுற்றும். பிளேக்குக்குப் பயந்து ஊரில் பாதிப் பேர் வயல்வெளியில் கொட்டகை போட்டுக்கொண்டு போய்விட்டார்கள். மூட்டைக்காரத் தெருவில் நாய்கூட இல்லை. அங்கிருந்துதான் வந்தது சத்தம்.

இந்தப் பக்கம், இடிந்த செங்கல் சூளையில் இரண்டு பேர் உட்கார்ந்திருந்தார்கள். ஒருவர் சூளைச் சாமி, முப்பது வயதுகூட ஆகாதவர். அவர் எதிரே கைகட்டி இருந்தவர் அருணகிரி முதலியார். அவருக்கு ஐம்பத்தாறு. தானிய மண்டி வைத்துப் பெரிய ஆளானவர். இரண்டு வாரத்துக்கு முன் நடந்த முனிசிபல் தேர்தலில் ஆளுக்கொரு நிறத்தில் ஓட்டுப் பெட்டி வைத்தார்கள்; மஞ்சள் பெட்டி அவருடையது. பெட்டி நிரம்பி வழிந்தது. இப்போது சேர்மன். கலெக்டர் துரையே கை கொடுத்தார். இருந்தாலும் ஒன்பது வருஷப் பழக்கம் விடவில்லை; வெள்ளிக்கிழமையானால் ஒரு முடிச்சு ராகியோடு சாமியிடம் வந்துவிடுவார்.

"சாமி, நான் கேட்டதுக்குப் பதில் வரலையே."

"திரும்பக் கேளுங்க."

"ஊரைக் காப்பாத்த ஒரு வீட்டைப் பூட்டினேன். அது தப்பா?"

சாமி வாய்க்கால் பக்கம் காதைத் திருப்பினார். "அங்கே என்ன அரைக்கிறாங்க?"

முதலியாருக்கு இது ஒரு கேள்வியே இல்லை. கண்ணைக் கட்டிவிட்டு ஒரு பிடி தானியம் அள்ளிக் கொடுத்தாலும் எந்த ஊர் விளைச்சல் என்று சொல்கிறவர். திருகைச் சத்தத்தை வைத்தே உள்ளே கிடப்பது என்ன என்று சொல்லிப் பந்தயம் ஜெயித்திருக்கிறார். தலையைச் சாய்த்துக் கேட்டார்.

"ராகி இல்லை. ராகின்னா தூறல் விழற மாதிரி கேக்கும். கம்பும் இல்லை. பருப்பு உடைச்சா நறநறன்னு..." நிறுத்திக்கொண்டார்.

"சொல்லுங்க."

"ஒண்ணுமே போடலை சாமி. வெறுங்கல்லைச் சுத்துறாங்க."

"எதுக்கு?"

முதலியாருக்குத் தெரியும். பசித்த பிள்ளைக்குத் திருகைச் சத்தம் கேட்டால் கூழ் வரப்போகிறது என்று தோன்றும். கொஞ்ச நேரம் அழாமல் கிடக்கும். பஞ்சத்தில் அவருடைய அம்மா அப்படிச் சுற்றியிருக்கிறாள்.

"யார் வீடு அது?"

"மாரப்பன் வீடு. என் மண்டியில் எடை போட்டவன். ஞாயித்துக்கிழமை செத்துட்டான். பொண்டாட்டி பழனாத்தாளும் கைக்குழந்தையும் உள்ளே இருக்காங்க."

"சாப்பாடு?"

"ரெண்டு நாள் ஜன்னல் வழியா கொடுத்தாங்க. அங்கேயிருந்து நோய்க் காத்து வருதுன்னு தெருக்காரங்க சத்தம் போட்டாங்க. ஜன்னலைப் பலகை வச்சு அடிச்சிடச் சொன்னேன். அப்புறம் அவங்களும் போயிட்டாங்க."

"பூட்டு யாரோடது?"

"முனிசிபாலிட்டியில பூட்டு ஏது? என் கிடங்குப் பூட்டுத்தான்." சாவி அவர் அரைஞாணில் தொங்கியது.

"பிளேக்குக்கு முன்னால எலிதானே சாகும். முதல் எலி எங்கே செத்து விழுந்தது?"

முதலியார் துண்டை எடுத்து முகத்தைத் துடைத்தார். துடைத்து முடித்தும் துண்டை எடுக்கவில்லை.

"என் கிடங்குல."

"எப்போ?"

"தேர்தலுக்கு மூணு நாள் இருக்கறப்போ. வெளியே தெரிஞ்சா மஞ்சள் பெட்டியில ஒரு சீட்டு விழுமா? விடியறதுக்குள்ள கூட்டிப் புதைச்சிடச் சொன்னேன்."

"யார்கிட்ட?"

"மாரப்பன்கிட்ட."

"கிடங்கைப் பூட்டினீங்களா?"

"எப்படிப் பூட்டறது? மூட்டையெல்லாம் கடை கடையாப் போயிட்டிருந்ததே."

கல் நின்றது. இந்தத் தடவை நெடுநேரம் நின்றது. தன்னை அறியாமல் முதலியார் எழுந்துவிட்டார். மறுபடி சுற்றத் தொடங்கிய பிறகுதான் மூச்சு விட்டார்.

சாமி அன்றைக்கு வந்த ராகி முடிச்சைத் தோளில் போட்டுக்கொண்டு நடந்தார். முதலியார் பின்னால் போனார்.

மாரப்பன் வீட்டு வாசலில் காவல்காரன் பொம்மன், நோய் அண்டாமலிருக்கக் கழுத்தில் கட்டிய கற்பூரப் பையோடு குந்தியிருந்தான்.

"சாமிங்களா? பின்னால யாரு... எசமானுங்களா. கும்புடறனுங்க."

"கதவைத் திறக்கணும்," என்றார் சாமி.

"தொறங்க. ஆனா உள்ள போனவங்க பத்து நாளைக்கு வெளிய வரக்கூடாதுன்னு ஆர்டருங்க. எசமான் கையெழுத்துத்தான். எனக்குப் படிக்கத் தெரியாதுன்னு நாலு தடவை படிச்சுக் காட்டுனாங்க."

"முடிச்சை மட்டும் உள்ள வீசிட்டா?" என்றார் முதலியார்.

"வீசலாமுங்க. அந்தப் பொண்ணு எந்திரிச்சு வந்து எடுக்கோணுமில்லீங்க. நேத்து வரைக்கும் கதவைத் தட்டிட்டிருந்தது. இன்னைக்குத் தட்டலை. கல்லு மட்டுந்தான்."

சாமி கையை நீட்டினார். "சாவியைக் கொடுங்க முதலியாரே. நான் போறேன்."

முதலியாருக்கு நெஞ்சில் இருந்த பாரம் சட்டென்று இறங்கியது. கொடுத்துவிட்டால் போதும். விடிந்தால் கவுன்சில் கூட்டம். குளித்துவிட்டுப் போய் நாற்காலியில் உட்காரலாம். சாவியைக் கழற்றினார். அந்த நீட்டிய கையைப் பார்த்தார். கிடங்கில் அன்றைக்கு மாரப்பனும் இப்படித்தான் கையை நீட்டினான், முறத்தை வாங்க. "நான் அள்ளிப் போடறனுங்க மொதலாளி. நீங்க தள்ளி நில்லுங்க" என்றான். அவரும் தள்ளி நின்றார்.

சாவியைக் கொடுக்கவில்லை. சாமியின் தோளிலிருந்து முடிச்சை வாங்கிக்கொண்டார். பூட்டைத் திறந்து, நாதாங்கியிலேயே தொங்கவிட்டார். படி ஏறியவர் திரும்பினார்.

"சாமி, பத்து நாள் கழிச்சு நான் உயிரோட வந்தா, எல்லாம் நேராயிடுமா?"

"மாரப்பன் வருவானா?" என்றார் சாமி.

முதலியார் உள்ளே போனார். இருட்டில் திருகை நின்றது.

"கிட்ட வராதீங்க." தொண்டை வறண்ட குரல். "கொழந்தைக்குக் காச்சல் இல்லீங்க. வேணும்னா தொட்டுப் பாருங்க. ஆசுபத்திரிக்கு எடுத்துட்டு மட்டும் போயிராதீங்க."

"எடுக்க வரலைம்மா. ராகி கொண்டாந்திருக்கேன்."

அந்தக் குரல் அவளுக்குத் தெரியும். "மொதலாளிங்களா," என்றாள். வெளியே பொம்மன் ஊரைப் பார்த்து ஓடுகிற காலடி கேட்டது.

அவர் தரையில் உட்கார்ந்து முடிச்சை அவிழ்த்தார். ஒரு பிடி எடுத்துத் தடவித் தடவித் திருகைக் குழியில் போட்டார். அவள் சுற்றினாள். தூறல் விழுகிற மாதிரி கேட்டது. குழந்தை ஒரு தடவை முனகியது.

"இத்தனை நாளா நான் தாழ்ப்பாளே போடலீங்க," என்றாள் அவள், கல்லைச் சுற்றிக்கொண்டே. "யாராச்சும் தொறக்க வந்தா, உள்ள தாழ் கெடக்குதுன்னு திரும்பிப் போயிருவாங்கன்னு."

திறந்த கதவு வழியே, வாய்க்கால் பக்கம் தீப்பந்த வெளிச்சம் தெரிந்தது. நாலைந்து பேர் "சேர்மன் எசமான், சேர்மன் எசமான்" என்று கூப்பிட்டுக்கொண்டு வந்தார்கள்.

"உங்களைக் கூட்டிட்டுப் போயிருவாங்க," என்றாள். "எங்களைத் திரும்பப் பூட்டிருவாங்க."

முதலியார் எழுந்து போய் நாதாங்கியிலிருந்து பூட்டை எடுத்து உள்ளே வைத்தார். கதவைச் சாத்தினார். தாழ்ப்பாள் இறுகிக் கிடந்தது. இரண்டு கையாலும் அழுத்தித் தள்ளிப் போட்டார்.